டூம் ‘போலி 3டி’யா? அந்த எஞ்சினுக்குள் என்ன நடக்கிறது

வீரரின் கண்வழியே உலகைப் பார்த்தபடி அரக்கர்களைச் சுட்டுக்கொண்டு போகும் டூம் கேமைப் பற்றிப் பேச்சு வந்தால் மூன்று கருத்துகள் தவறாமல் வந்துவிடும். ‘அது நிஜ 3டி இல்லை, சும்மா கண்கட்டு வித்தை’ என்பார்கள். ‘அது ரே காஸ்டிங் முறையில் ஓடுவது’ என்பார்கள். ‘அது எதில் போட்டாலும் ஓடும்’ என்பார்கள். முதலாவது பாதி உண்மை. இரண்டாவது தவறு. மூன்றாவது கிட்டத்தட்டச் சரி, ஆனால் அதற்குச் சொல்லப்படும் காரணம் பெரும்பாலும் தப்பு.

1993 டிசம்பர் 10-ல் வெளிவந்த முதல் டூமிலிருந்து 2025-ல் வந்த ‘டூம்: த டார்க் ஏஜஸ்’ வரை, இந்தத் தொடரின் ஒவ்வொரு பெரிய திருப்பமும் படத்தைத் திரையில் எப்படி வரைவது என்ற கேள்வியோடு சேர்ந்தே நடந்திருக்கிறது. அதனால் எஞ்சின் புரிந்தால் வரலாறும் புரியும். எஞ்சின் என்றால் கேமின் கதை, படங்கள், ஒலிகள் எல்லாவற்றையும் எடுத்துவிட்ட பிறகு மிஞ்சும் நிரல். உலகத்தைக் கணக்கிட்டுத் திரையில் வரைவது அதன் வேலை. கணினி நிரல் எழுதத் தெரியாதவர்களும் இதைப் புரிந்துகொள்ளலாம்.

வீட்டு பிளானும் டூம் மேப்பும்

வீடு கட்டும்போது இன்ஜினியர் தரும் பிளானை நினைத்துக்கொள்ளுங்கள். மேலிருந்து பார்த்ததுபோல் சுவர்கள் கோடுகளாக இருக்கும். ஹால், சமையலறை, திண்ணை எல்லாம் கோடுகளால் அடைபட்ட வடிவங்கள். தாள் தட்டையானது. ஆனால் ஒவ்வோர் அறைக்குள்ளும் ‘தரை மட்டம் இவ்வளவு, கூரை உயரம் இவ்வளவு’ என்று எண் எழுதிவிட்டால், அந்தத் தாளை வைத்தே வீட்டின் முழு உருவத்தையும் எழுப்பிவிடலாம்.

டூமின் மேப் அப்படியே இதுதான். விளையாடும்போது டேப் பொத்தானை அழுத்தினால் வருகிற கோட்டு வரைபடம் அழகுக்காகத் தனியாக வரைந்ததல்ல. கேம் தன் கோப்பில் வைத்திருக்கிற அதே கோடுகள்தான் அவை. ஒரு கோட்டுக்கு லைன்டெஃப் என்று பெயர். கோடுகளால் சூழப்பட்ட ஒரு பகுதி செக்டர். ஒவ்வொரு செக்டருக்கும் தரை உயரம், கூரை உயரம், தரையின் படம், கூரையின் படம், வெளிச்ச அளவு (0 முதல் 255 வரை) ஆகியவை எழுதப்பட்டிருக்கும். படி என்பது அடுத்தடுத்து வைத்த செக்டர்கள், ஒவ்வொன்றின் தரையும் கொஞ்சம் கொஞ்சமாக உயர்ந்திருக்கும். லிஃப்ட் என்பது தரை உயரம் மாறும் செக்டர். கதவு என்பது கூரை உயரம் மாறும் செக்டர்.

அளவுகளும் திட்டமானவை. வீரரின் உயரம் 56 அலகு, கண் மட்டம் 41. ஒரே அடியில் 24 அலகு உயரம் வரை ஏறலாம், 25 என்றால் அது சுவர். தரைக்கும் கூரைக்கும் நடுவே 56-க்குக் குறைவான இடைவெளி இருந்தால் நுழைய முடியாது. குனிவதும் தாவுவதும் அந்தக் கேமில் கிடையாது.

இந்த அமைப்பின் ஒரே பெரிய விலை இதுதான்: தாளில் ஒரு புள்ளியை எடுத்தால் அதற்கு ஒரே ஒரு தரையும் ஒரே ஒரு கூரையும்தான் இருக்க முடியும். எனவே ஓர் அறைக்கு மேல் இன்னோர் அறை, கீழே நடக்கவும் மேலே நடக்கவும் கூடிய பாலம் போன்றவற்றை முதல் டூமில் கட்ட முடியாது. மாடி வீட்டுக்கு இரண்டு பிளான் தாள்கள் வேண்டும். டூமிடம் இருப்பது ஒரே தாள்.

அப்படியானால் ‘போலி 3டி’ என்பது சரிதானே? இல்லை. மேப்தான் தட்டையாகச் சேமிக்கப்படுகிறது, உலகம் தட்டையாக இல்லை. ஒவ்வோர் அரக்கனுக்கும், ஒவ்வொரு ராக்கெட்டுக்கும் உயரம் என்ற மூன்றாவது எண் உண்டு. நீங்கள் விட்ட ராக்கெட் ஓர் அரக்கனின் தலைக்கு மேலே போனால் அவன் மீது படாது, எஞ்சின் உயரத்தை ஒப்பிட்டுப் பார்க்கிறது. ஆனால் நடக்கும்போது அந்த ஒப்பீடு செய்யப்படுவதில்லை. அதனால்தான் உயரமான திட்டிலிருந்து குதிக்கப் போனால், கீழே சுவரோரம் நிற்கும் அரக்கன் கண்ணுக்குத் தெரியாத தூண்போல வழிமறிப்பான். வெடிப்பின் சேதமும் உயரத்தைப் பார்க்காது. சில இடங்களில் மூன்று பரிமாணம், சில இடங்களில் இரண்டு. அன்றைய கணினியில் வேகம் வேண்டி, எங்கே விட்டுக்கொடுக்கலாம் என்று பார்த்துப் பார்த்து எடுத்த முடிவுகள் இவை. ‘போலி’ என்ற ஒற்றைச் சொல்லில் அந்த உழைப்பு அடிபட்டுப் போகிறது.

சுருக்கமாக: மேப் என்பது உயரங்கள் எழுதிய பிளான். அறைக்கு மேல் அறை கிடையாது. மற்றபடி பொருள்களுக்கு உயரம் உண்டு.

ரே காஸ்டிங் யாருடையது?

டூமைச் செய்த இட் சாஃப்ட்வேர் 1991-ல் தொடங்கிய நிறுவனம். நிறுவியவர்கள் ஜான் கார்மாக், ஜான் ரொமேரோ, டாம் ஹால், ஏட்ரியன் கார்மாக். (இரண்டு கார்மாக்குகளும் உறவினர்கள் அல்லர்.) இவர்கள் 1992 மே மாதம் வெளியிட்ட ‘வுல்ஃபென்ஸ்டைன் 3டி’தான் ரே காஸ்டிங்கில் ஓடியது.

அந்த முறை எளிது. மேப் என்பது 64-க்கு 64 சதுரக் கட்டங்கள். ஒரு கட்டம் சுவராக இருக்கும், அல்லது வெறுமையாக இருக்கும். திரையை மேலிருந்து கீழாகச் செல்லும் மெல்லிய பட்டைகளாகப் பிரித்து, ஒவ்வொரு பட்டைக்கும் வீரரின் கண்ணிலிருந்து ஒரு கற்பனைக் கோட்டைச் செலுத்துகிறார்கள். அது எந்தக் கட்டத்தில் முட்டுகிறது, எவ்வளவு தூரத்தில் முட்டுகிறது என்று பார்க்கிறார்கள். தூரம் குறைவென்றால் பட்டை உயரமாக வரையப்படும், அதிகமென்றால் குட்டையாக. கோட்டை, அதாவது கதிரைச் (ரே) செலுத்தித் தூரம் அறியும் இந்த வேலையே ரே காஸ்டிங்.

வேகமானது. ஆனால் எல்லாச் சுவர்களும் ஒரே உயரம், எல்லா மூலைகளும் 90 பாகை, தரையும் கூரையும் வெறும் ஒற்றை நிறம். டூமில் சாய்வான சுவர், வட்டமான அறை, ஜன்னல், மேடை, பள்ளம் எல்லாம் இருக்கின்றன. கட்டங்களே இல்லாத மேப்பில் ‘எந்தக் கட்டத்தில் முட்டுகிறது’ என்று கேட்க முடியாது. அடுத்த கேமுக்கு வேறு வழி தேவைப்பட்டது.

பிளானை வெட்டி வைப்பது: பிஎஸ்பி

உங்கள் முன்னால் நூறு சுவர்கள் இருக்கின்றன என்று வையுங்கள். எது முன்னால், எது பின்னால் என்று வரிசைப்படுத்த வேண்டும். நீங்கள் ஓர் அடி நகர்ந்தாலும் வரிசை மாறிவிடும். நொடிக்குப் பல முறை மறுபடி மறுபடி வரிசைப்படுத்த, 386, 486 செயலிகள் கொண்ட அன்றைய கணினிகளுக்குத் தெம்பு போதாது.

டூமின் தொடக்க வடிவம் செக்டர் செக்டராக வரைந்துகொண்டு போனது. படிக்கட்டுபோலச் சின்னச் சின்ன செக்டர்கள் நிறைந்த இடங்களில் அது தடுமாறியது. தீர்வு ஏற்கெனவே ஆய்வுக் கட்டுரையாக இருந்தது. 1980-ல் ஹென்றி ஃபுக்ஸ், ஸ்வி கெடெம், புரூஸ் நெய்லர் மூவரும் வெளியிட்ட முறை அது. வுல்ஃபென்ஸ்டைனை சூப்பர் நிண்டெண்டோ என்ற கேம் கருவிக்கு மாற்றும் வேலையில் அதைக் கையாண்ட கார்மாக், டூமுக்குள்ளும் கொண்டுவந்தார். பைனரி ஸ்பேஸ் பார்ட்டிஷன், சுருக்கமாக பிஎஸ்பி. இடத்தை இரண்டிரண்டாகப் பிரித்துக்கொண்டே போவது.

நம் பிளான் தாளையே எடுப்போம். ஏதாவது ஒரு சுவர்க்கோட்டைத் தேர்ந்தெடுங்கள். அதை இரு பக்கமும் தாளின் ஓரம் வரை நீட்டி அங்கே வெட்டுங்கள். இப்போது இரண்டு துண்டுகள். வெட்டின் குறுக்கே போகும் சுவர்கள் இரண்டாக உடையும், அதில் தப்பில்லை. ஒவ்வொரு துண்டையும் அதேபோல் மறுபடி வெட்டுங்கள். மிஞ்சும் துண்டு, உள்நோக்கி மடியும் மூலை எதுவும் இல்லாத எளிய வடிவமாகும் வரை இதைத் தொடருங்கள். ‘எந்தத் துண்டு எந்த வெட்டில் பிறந்தது’ என்ற பட்டியல் ஒரு மரம்போலக் கிளை பிரிந்து நிற்கும். இதுதான் பிஎஸ்பி மரம்.

வெட்டும் வேலை விளையாடும்போது நடப்பதில்லை. மேப்பை உருவாக்கி முடித்தபோதே ஒரு தனி நிரல் இதைச் செய்து கோப்பில் எழுதிவிடுகிறது. அந்த நிரலுக்கு நோட் பில்டர் என்று பெயர். விளையாடும்போது எஞ்சினுக்கு மிஞ்சுவது ஒரே கேள்வி: ‘வீரர் இந்த வெட்டுக்கோட்டுக்கு எந்தப் பக்கம் நிற்கிறார்?’ அவர் நிற்கிற பக்கத்தை முதலில் வரை, மறுபக்கத்தைப் பிறகு வரை. கிளைக்குக் கிளை இதே கேள்வியைக் கேட்டுக்கொண்டு போனால், எல்லாச் சுவர்களும் அருகில் இருப்பதிலிருந்து தொலைவில் இருப்பது என்ற சரியான வரிசையில் தாமாகவே வந்து நிற்கும். வரிசைப்படுத்தும் வேலையே இல்லை.

அடுத்த நுட்பம் இதைவிட அழகு. திரை 320 பிக்ஸல் அகலம். அதாவது 320 செங்குத்துப் பட்டைகள். தரையிலிருந்து கூரை வரை அடைத்த சுவர் ஒன்று வரையப்பட்டதும், அது மறைத்த பட்டைகள் ‘முடிந்தது’ என்று குறிக்கப்படும். அதற்குப் பின்னால் எவ்வளவு பெரிய மண்டபம் இருந்தாலும் அந்தப் பட்டைகளில் ஒரு பிக்ஸலும் வரைய வேண்டியதில்லை. 320 பட்டைகளும் முடிந்துவிட்டால் சுவர் வேலை அத்தோடு முடிந்தது. ஜன்னல் போன்ற திறப்பு வந்தால் அதன் மேல்விளிம்பும் கீழ்விளிம்பும் மட்டும் குறிக்கப்பட்டு, நடுவில் உள்ள இடைவெளி பின்னால் வருபவற்றுக்காகத் திறந்தே வைக்கப்படும். அரக்கர்கள், கம்பிவலைகள் போன்றவை கடைசியில், தொலைவிலிருந்து அருகில் என்ற தலைகீழ் வரிசையில் வரையப்படும்.

சுருக்கமாக: கதிர் செலுத்துவது வுல்ஃபென்ஸ்டைன். டூம், முன்கூட்டியே வெட்டி வைத்த பிளானைக் கொண்டு அருகிலிருந்து தொலைவுக்கு வரைகிறது.

ஏன் அண்ணாந்து பார்க்க முடியாது?

இதற்குத் தரப்படும் வழக்கமான பதில் ‘3டி இல்லை என்பதால்’. உண்மைக் காரணம் வகுத்தல் கணக்கு.

ஒரு பிக்ஸலில் சுவரின் எந்தப் பகுதி தெரிய வேண்டும் என்று அறிய, அது எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்பதைக் கொண்டு வகுக்க வேண்டும். அன்றைய செயலிகளில் வகுத்தல் மிக மெதுவான வேலை. ஆனால் பார்வை நேராக இருக்கும்வரை ஒரு வசதி உண்டு. செங்குத்தான சுவரில், ஒரு பட்டையின் மேலிருந்து கீழ் வரை எல்லாப் புள்ளிகளும் ஒரே ஆழத்தில் இருக்கின்றன. எனவே ஒரு பட்டைக்கு ஒருமுறை கணக்கிட்டால் போதும். தரையிலும் கூரையிலும் இதேபோல், ஒரே கிடைமட்ட வரியில் உள்ள பிக்ஸல்கள் எல்லாம் ஒரே ஆழம். அதனால்தான் டூம் சுவரைச் செங்குத்தாகவும் தரையைக் கிடைமட்டமாகவும் வரைகிறது. தலையைக் கொஞ்சம் சாய்த்தாலும் இந்த இரண்டு வசதிகளும் போய்விடும், பிக்ஸலுக்குப் பிக்ஸல் வகுக்க வேண்டிவரும். பார்வையைப் பூட்டி வைத்ததுதான் வேகத்தைக் கொடுத்தது. மேலே நிற்கும் எதிரியைச் சுட வீரருக்கு வழி வேண்டும் என்பதால், துப்பாக்கி தானாகவே உயரத்தைச் சரிசெய்துகொள்ளும்.

பிஎஸ்பிக்கும் ஒரு கட்டுப்பாடு உண்டு. வெட்டுகள் முன்பே முடிந்துவிட்டதால் சுவர் பக்கவாட்டில் நகர முடியாது. நகர்ந்தால் மரம் பொய்யாகிவிடும். தரையும் கூரையும் ஏறி இறங்கலாம், ஏனென்றால் அவற்றின் உயரம் வெறும் எண், தாளில் உள்ள கோடுகள் மாறுவதில்லை. டூமின் கதவுகள் எல்லாம் கீல் போட்டுத் திறக்காமல் மேலே போவது இதனால்தான்.

ஒரு கதவைச் செய்து பார்ப்போம்

மேலே சொன்னவை கைக்கு வர, ஒரு கதவைச் செய்து பார்ப்பதைவிட நல்ல வழி இல்லை. இலவசமான ‘அல்டிமேட் டூம் பில்டர்’ எடிட்டர் போதும்.

முதலில் இரண்டு அறைகள் வரையுங்கள். இரண்டுக்கும் தரை 0, கூரை 128. அவற்றுக்கு நடுவே 128 அகலமும் 16 தடிமனும் உள்ள ஒரு சிறு செக்டரை, இரண்டு அறைகளோடும் கோட்டைப் பகிர்ந்துகொள்ளும்படி வரையுங்கள். அதுதான் கதவு. அதன் கூரை உயரத்தையும் 0 ஆக்குங்கள். கூரை தரையைத் தொட்டுக்கொண்டிருக்கும், அதாவது கதவு மூடியிருக்கிறது.

அறைகளைப் பார்த்த இரண்டு கோடுகளுக்கும் செயல் எண் 1 கொடுங்கள். ‘திற, காத்திரு, மூடு’ என்பது அதன் பொருள். மேல் டெக்ஸ்சர், அதாவது சுவரின் மேல்பகுதியில் ஒட்டும் படம், ‘பிக்டோர்2’. அது 128-க்கு 128 அளவு என்பதால் சரியாகப் பொருந்தும். பக்கத்தில் உள்ள இரண்டு குட்டைக் கோடுகளுக்கு ‘டோர்ட்ராக்’ படத்தைப் போட்டு, ‘லோயர் அன்பெக்டு’ என்ற குறியைத் தேர்ந்தெடுங்கள்.

ஓடவிட்டால் கூரை ஒரு டிக்குக்கு 2 அலகு வீதம் மேலேறும். டிக் என்பது கேமின் காலத் துடிப்பு, நொடிக்கு 35. பக்கத்து அறைகளில் தாழ்ந்த கூரை எதுவோ, அதற்கு 4 அலகு கீழே கதவு நிற்கும். இங்கே 124. ஏற 62 டிக், சுமார் 1.8 நொடி. 150 டிக், அதாவது நாலு நொடிக்குச் சற்று மேல், காத்திருந்து இறங்கும்.

தவறு நேர்வது பெரும்பாலும் மூன்று இடங்களில். கதவு அசையவே இல்லை என்றால், கோடு திரும்பியிருக்கிறது. ஒவ்வொரு கோட்டுக்கும் முன்பக்கம், பின்பக்கம் உண்டு. முன்பக்கத்திலிருந்து அழுத்தினால்தான் வேலை செய்யும், பின்பக்கம் இருக்கும் செக்டரே கதவாகக் கருதப்படும். எடிட்டரில் கோட்டின் நடுவே நிற்கும் சிறு முள் அறையை நோக்கி இருக்க வேண்டும், கதவுக்குள் நோக்கி இருந்தால் கோட்டைத் திருப்பிவிடுங்கள்.

கதவு இருக்க வேண்டிய இடத்தில் பழைய படங்கள் அலையலையாக இழுபட்டுத் தெரிந்தால் மேல் டெக்ஸ்சர் போட மறந்திருக்கிறீர்கள். அந்த பிக்ஸல்களை யாரும் வரையவில்லை, முந்தைய படத்தின் மிச்சம் அங்கேயே தங்கிவிட்டது. ‘ஹால் ஆஃப் மிரர்ஸ்’ என்று டூம்காரர்கள் சொல்வது இதைத்தான். கதவோடு சேர்ந்து பக்கச் சட்டமும் மேலே வழுக்கிக்கொண்டு போனால், விடுபட்டது ‘லோயர் அன்பெக்டு’ குறி.

பெரிய மேப் செய்பவர்கள் இன்னொன்றையும் அறிந்திருக்க வேண்டும். அசல் எஞ்சின் ஒரு காட்சியில் 128 தரை, கூரைத் தொகுதிகளுக்கு மேல் தாங்காது. விஸ்பிளேன் எனப்படும் அவை மிஞ்சினால் கேம் பிழைச் செய்தியோடு நின்றுவிடும். இன்றைய மேம்பட்ட வடிவங்களில் இந்த எல்லை நீக்கப்பட்டுவிட்டது.

எதில் போட்டாலும் ஏன் ஓடுகிறது?

‘சின்ன கேம், அதனால்தான்’ என்பது பொதுவான பதில். சின்னது என்பது உண்மை, ஆனால் அதைவிடச் சின்ன கேம்கள் எத்தனையோ அந்தக் காலத்தோடு போய்விட்டன. டூமைக் காப்பாற்றியவை இரண்டு.

ஒன்று, அது எழுதப்பட்ட விதம். குழு நெக்ஸ்ட் என்ற வகைக் கணினிகளில் எழுதி, அன்றைய சாதாரண கணினிகளின் இயங்குதளமான டாஸில் ஓடும்படி வெளியிட்டது. ஒரு கணினியில் எழுதி இன்னொன்றில் ஓட்ட வேண்டியிருந்ததால், கணினியைச் சார்ந்த பகுதிகளான திரை, ஒலி, விசைப்பலகை ஆகியவை தொடக்கத்திலேயே தனிக் கோப்புகளாகப் பிரிக்கப்பட்டன. மீதி கிட்டத்தட்ட முழுக்க சி மொழி. புதிய கருவிக்குக் கொண்டுபோக நினைப்பவர் 320-க்கு 200 பிக்ஸல், அதாவது 64,000 பைட் படத்தைத் தன் திரையில் காட்டும் வழி, பொத்தான்களைப் படிக்கும் வழி, நேரம் சொல்லும் வழி இவற்றை எழுதினால் போதும்.

மற்றொன்று, கதவைத் திறந்துவிட்ட முடிவு. 1997 டிசம்பர் 23-ல் டூமின் மூல நிரல் பொதுவில் வெளியிடப்பட்டது. டாஸ் வடிவத்தின் ஒலிப் பகுதி வேறொருவருடையது என்பதால் வெளிவந்தது லினக்ஸ் வடிவம். முதலில் வணிகப் பயன்பாட்டுக்குத் தடை இருந்தது. 1999-ல் ஜிபிஎல் உரிமம் வந்ததும் யாரும் எடுத்து, மாற்றி, பகிரலாம் என்றானது. அப்படிப் பிறந்த வடிவங்களைத்தான் சோர்ஸ் போர்ட் என்கிறார்கள். ‘சாக்லேட் டூம்’ 1990-களின் குணத்தை அப்படியே காக்கிறது. ‘ஜிஸட்டூம்’ அண்ணாந்து பார்ப்பது, தாவுவது, அறைக்கு மேல் அறை எல்லாம் சேர்த்துவிட்டது.

இலவசமானது நிரல் மட்டுமே என்பதை மறக்கக் கூடாது. மேப், படம், ஒலி ஆகியவை வாட் என்ற தனிக் கோப்பில் இருக்கின்றன. அதில் முதல் பாகமான ஒன்பது மேப்கள் கொண்ட ஷேர்வேர் (இலவச மாதிரி) கோப்பை மட்டும்தான் 1993 முதலே பகிர அனுமதி. முழுக் கோப்பை வாங்க வேண்டும், அல்லது தன்னார்வலர்கள் புதிதாகச் செய்த ‘ஃப்ரீடூம்’ கோப்பைப் பயன்படுத்தலாம்.

கர்ப்பப் பரிசோதனைக் கருவியில் டூம் ஓடியதாக 2020-ல் பரவிய செய்தியும் இங்கே தெளிவாக வேண்டும். அதில் அசல் திரையும் சிப்பும் அகற்றப்பட்டு வேறு பொருத்தப்பட்டிருந்தன. அந்தக் கருவியின் ஓடு மட்டும்தான் மிச்சம். ‘எதில் போட்டாலும்’ என்பதற்கும் எல்லை உண்டு. போதிய நினைவகமும் வேகமும் உள்ள செயலி இல்லாமல் எதுவும் நடக்காது.

தாளை விட்டு வெளியே: பிந்தைய டூம்கள்

1994-ல் வந்த ‘டூம் 2’ அதே எஞ்சின், 1997-ல் நிண்டெண்டோ 64-க்கு வந்த ‘டூம் 64’ அதன் வண்ண வெளிச்சம் சேர்ந்த நீட்சி. அதற்குள் இட் சாஃப்ட்வேரே 1996-ல் ‘குவேக்’ மூலம் முழு முப்பரிமாணத்துக்குப் போய்விட்டது. குவேக்கிலும் பிஎஸ்பி உண்டு. ஆனால் அங்கே தாளைக் கோட்டால் வெட்டுவதற்குப் பதில் இடத்தையே தளத்தால் வெட்டுகிறார்கள். அறைக்கு மேல் அறை அங்கே சாத்தியம்.

டூம் என்ற பெயர் அந்த உலகத்துக்குள் வந்தது 2004-ல், ‘டூம் 3’ மூலம். அதன் மையம் வெளிச்சம். அதற்கு முந்தைய கேம்களில் சுவரின் நிழல்கள் பெரும்பாலும் முன்பே கணக்கிட்டு ஒட்டப்பட்டவை. டூம் 3-ல் சுவருக்கும் அரக்கனுக்கும் ஆடும் விளக்குக்கும் ஒரே விதி, எல்லாமே அந்தந்தக் கணத்தில் கணக்கிடப்பட்டன. ஒவ்வொரு விளக்கும் தனிச் செலவு வைத்ததால் விளக்குகளை எண்ணித்தான் வைக்க முடியும். அந்த இருட்டு கதையின் தேவை மட்டுமல்ல, எஞ்சினின் இயல்பும்கூட. டார்ச்சைப் பிடித்தால் துப்பாக்கியைப் பிடிக்க முடியாது என்ற விதி விளையாடியவர்களை இரண்டாகப் பிரித்தது. 2012-ன் மறுவெளியீட்டில் டார்ச் கவசத்துக்கு மாறியது.

இட் சாஃப்ட்வேர் 2009-ல் ஜெனிமேக்ஸ் என்ற நிறுவனத்தின் கைக்குப் போனது, கார்மாக் 2013-ல் விலகினார். நான்காம் டூமாகத் தொடங்கிய திட்டம் கைவிடப்பட்டு மறுபடி முதலிலிருந்து செய்யப்பட்டது. அதுதான் 2016-ன் ‘டூம்’. நின்று பதுங்காதே, ஓடிக்கொண்டே இரு என்ற 1993-ன் தாளத்தை அது மீட்டது, கன்சோல்களிலும் நொடிக்கு 60 படங்கள் என்ற குறியோடு. 2020-ன் ‘டூம் எடர்னல்’ அந்த வேகத்தை இன்னும் கூட்டியது.

2025 மே மாதம் வந்த ‘த டார்க் ஏஜஸ்’, ரே டிரேசிங் வசதியுள்ள கிராஃபிக்ஸ் கார்டு இல்லாத கணினியில் ஓடாது. இங்கே பெயர் ஒற்றுமையால் புதிய குழப்பம் ஒன்று தொடங்கியிருக்கிறது, ‘1992-லேயே இருந்ததுதானே’ என்று. வுல்ஃபென்ஸ்டைனின் ரே காஸ்டிங், பட்டைக்கு ஒரு கோட்டைத் தட்டையான கட்டங்களில் செலுத்தி, தூரம் ஒன்றை மட்டும் கேட்டு நின்றுவிடுகிறது. ரே டிரேசிங், முப்பரிமாண இடத்தில் கதிர்களைச் செலுத்தி, அவை பட்ட இடத்திலிருந்து மறுபடி எங்கே சிதறுகின்றன, எந்த விளக்கின் ஒளி அங்கே எட்டுகிறது என்று பின்தொடர்கிறது. முதலாவது சுவர் எங்கே என்று சொல்கிறது. இரண்டாவது அந்தச் சுவரின் மேல் வெளிச்சம் எப்படி விழுகிறது என்று சொல்கிறது.